மழைக்கு அரை டிக்கெட்!

அமெரிக்கர் ஒருவரை, "இன்னிக்கு ராத்திரி எங்க வீட்டுக்குச் சாப்பிட வாங்களேன்" என்று கூப்பிட்டுப் பாருங்கள். அவருக்கு அன்றைக்கு வேறு ஜோலி இருக்கிறது என்றால், முகத்திலடித்த மாதிரி 'முடியாது' என்று சொல்ல மாட்டார். "ரெயின் செக் வாங்கிக்கறேன்" என்பார். 'இன்றைக்கு வேண்டாம், ஆனால் அழைப்பு அப்படியே இருக்கட்டும், இன்னொரு நாள் கண்டிப்பாக வருகிறேன்' என்று அர்த்தம்.

நேராகத் தமிழில் சொன்னால் 'மழைச் சீட்டு'. ராத்திரிச் சாப்பாட்டுக்கும் மழைக்கும் என்ன சம்பந்தம் என்று குழம்ப வேண்டாம். இது சமையலறையில் பிறந்த வார்த்தை இல்லை. பேஸ்பால் மைதானத்து வாசலில், சொட்டச் சொட்ட நனைந்துகொண்டு நின்ற ரசிகர்களின் கையில் பிறந்த வார்த்தை.

அந்த ஈரக் காகிதத்துக்குப் பின்னால் சுமார் 140 வருஷத் தகராறு ஒன்று இருக்கிறது. தகராறு ரொம்ப எளிமையானது. டிக்கெட் வாங்கியாச்சு. உள்ளே போய் உட்கார்ந்தாச்சு. ஆட்டம் நடக்கவில்லை. இப்போது அந்தக் காசு யாருடையது? கொடுத்தவனுடையதா, வாங்கிக் கல்லாவில் போட்டவனுடையதா?

கேட்க என்னவோ சின்ன விஷயம். ஆனால் இதற்குப் பதில் தேடி ரசிகர்கள் கூச்சல் போட்டிருக்கிறார்கள், ஆட்டக்காரர்கள் மீது டாலர் நோட்டுகளை வீசியிருக்கிறார்கள், கடைசியில் கோர்ட் படியும் ஏறியிருக்கிறார்கள். முதலிலிருந்து வருவோம்.

ஆரம்பத்தில் பேஸ்பால் பார்க்கக் காசே கிடையாது. நியூயார்க், புரூக்ளின் பக்கத்துக் கனவான்கள் திறந்தவெளியில் ஆடுவார்கள். போகிறவர்கள் வருகிறவர்கள் நின்று வேடிக்கை பார்ப்பார்கள். மழை வந்தால் எல்லோரும் வீட்டுக்கு ஓடுவார்கள். யாருக்கும் நஷ்டமில்லை, யார் மீதும் கோபமில்லை.

1862இல் புரூக்ளினைச் சேர்ந்த வில்லியம் கேமயர் என்பவர் ஒரு காரியம் செய்தார். அவரிடம் குளிர்காலத்தில் ஐஸ் சறுக்கு விளையாட்டு நடத்துகிற மைதானம் ஒன்று இருந்தது. கோடையில் அது சும்மா கிடந்தது. சுற்றி வேலி போட்டார், பெஞ்சுகள் போட்டார், வாசலில் ஆளை நிறுத்தினார். 'உள்ளே வந்து பார்க்கணுமா? 10 சென்ட் எடு!' வேலி வந்ததும் டிக்கெட் வந்தது. டிக்கெட் வந்ததும், மழை பெய்தால் யாருக்கு நஷ்டம் என்கிற கேள்வியும் வந்துவிட்டது.

1869இல் சின்சினாட்டி நகரத்து அணி, தன் ஆட்டக்காரர்கள் அத்தனை பேருக்கும் வெளிப்படையாகவே சம்பளம் கொடுத்து ஆட வைத்தது. 1876இல் நேஷனல் லீக் என்ற அமைப்பு பிறந்தது. அனுமதிக் கட்டணம் 50 சென்ட் என்று நிலைத்தது. அரை டாலர்தானே என்று நினைக்காதீர்கள். அன்றைக்கு ஒரு சாதாரணக் கூலித் தொழிலாளிக்கு நாள் முழுக்க உழைத்தால் ஒன்றரை டாலர் கிடைப்பதே பெரிய பாடு. மூன்றில் ஒரு பங்கு கூலியைக் கொடுத்துவிட்டு உள்ளே போய் உட்கார்ந்தவன், வானம் இருட்டினால் சும்மா எழுந்து போய்விடுவானா?

இங்கே ஆட்டத்தைப் பற்றி நாலு வரி. கிரிக்கெட் தெரிந்த நமக்கு இது பெரிய கஷ்டமில்லை. பேஸ்பாலில் மொத்தம் 9 இன்னிங்ஸ். ஒவ்வொரு இன்னிங்ஸிலும் வெளியூர் அணி முதலில் பேட் பிடிக்கும், உள்ளூர் அணி அடுத்து. மூன்று பேர் அவுட் ஆனால் அந்தப் பக்கம் காலி. பந்து நனைந்தால் கையில் நிற்காது, ஓடுகிறவன் கால் சேற்றில் வழுக்கும். ஆக, கிரிக்கெட் மாதிரியே இதற்கும் மழைதான் ஜென்ம விரோதி.

சரி, மழை பெய்துவிட்டது. நிர்வாகம் என்ன செய்யும்? பல ஊர்களில் நல்ல பிள்ளையாக, 'நாளைக்கு வாங்க, இலவசமா விடுறோம்' என்றுதான் சொன்னார்கள். சிக்கல் அதில் இல்லை. 'யாரை' விடுவது என்பதில்தான்!

அந்தக் கால டிக்கெட் தடித்த அட்டை. வாசலில் கொடுத்தால் வாங்கிப் பெட்டியில் போட்டுக்கொள்வார்கள். அடுத்த ஆட்டத்துக்கு அதே அட்டையை எடுத்து மறுபடி விற்பார்கள். சிக்கனம்தான். ஆனால் உள்ளே போன ரசிகனின் கையில், தான் காசு கொடுத்ததற்கு அத்தாட்சியாக ஒரு துரும்பு கூட இருக்காது.

நியூ ஆர்லியன்ஸ் நகரத்தில் இந்தக் கூத்து உச்சத்துக்குப் போனதாகச் சொல்வார்கள். கடலோரத்து ஊர். மழைக்குக் கேட்கவா வேண்டும்? அங்கே 1880களின் கடைசியில் 'பெலிக்கன்ஸ்' அணியை நடத்தியவர் ஆப்னர் பவல். ஆட்டம் பாதியில் நின்றதும் ரசிகர்கள் வரிசையில் வந்து, அடுத்த நாளுக்கு ஆளுக்கொரு அட்டை வாங்கிக்கொண்டு போவார்கள். ஒரு நாள் எண்ணிப் பார்த்தால், கல்லாவில் இருந்த காசுக்கும் வரிசையில் நின்ற தலைகளுக்கும் கணக்கு உதைக்கிறது. வேலி ஏறிக் குதித்தவன், ஓசிப் பாஸில் வந்தவன், ஊர்ப் பெரிய மனுஷனின் மச்சான்... அத்தனை பேரும், 'நானும் காசு குடுத்தேன் சார்' என்று கை நீட்டிக்கொண்டு நிற்கிறார்கள். யாரை நம்புவது?

பவல் உட்கார்ந்து யோசித்தார். டிக்கெட்டைக் காகிதத்தில் அடித்து, நடுவில் கிழிக்கிற மாதிரி செய்தார். வாசலில் பாதியை நிர்வாகம் கிழித்துக்கொள்ளும். மீதிப் பாதி ரசிகனிடம். மழை வந்தால் அந்தப் பாதிதான் அடுத்த ஆட்டத்துக்கு டிக்கெட். பாதி இல்லாதவன் நடையைக் கட்ட வேண்டியதுதான். வேலி குதித்தவர்களின் பாடு அன்றோடு திண்டாட்டம்!

(நம் பஸ் கண்டக்டர் குழந்தைக்குக் கிழித்துத் தருகிற அரை டிக்கெட் வேறு. இது பெரியவர்களின் அரை டிக்கெட்!)

இந்தக் கதை ரொம்பப் பிரபலம். 92 வயது வரை வாழ்ந்து 1953இல் மறைந்த பவல்தான் மழைச் சீட்டின் தந்தை என்று பல புத்தகங்கள் சத்தியம் செய்கின்றன. ஆனால் பழைய செய்தித்தாள்களைத் தோண்டிய ஆராய்ச்சியாளர்கள், 1884 வாக்கிலேயே 'ரெயின் செக்' என்ற வார்த்தை அச்சில் வந்திருக்கிறது என்கிறார்கள். வேறு ஊர்களிலும் இது முன்பே நடமாடியிருக்கிறது. எல்லா ஊரிலும் மழை பெய்தது, எல்லா ஊரிலும் வேலி குதித்தார்கள். ஒரே தலைவலிக்குப் பல பேர் ஒரே மருந்தைக் கண்டுபிடிப்பதில் ஆச்சரியம் என்ன? எப்படியோ, 1890இல் நேஷனல் லீக் இதைத் தன் சட்டதிட்டங்களிலேயே எழுதி வைத்துவிட்டது. அதுவரை தயவாக இருந்தது, அன்றிலிருந்து உரிமை.

இங்கே ஒரு நிமிஷம் நில்லுங்கள். இந்த ஏற்பாட்டில் யாருக்கு லாபம் என்று பார்த்தீர்களா?

ரசிகனுக்கு லாபம்தான், சந்தேகமில்லை. கையில் அத்தாட்சி இருக்கிறது. ஆனால் முதலாளியின் பக்கம் போய் நின்று பாருங்கள். வாங்கிய காசு கல்லாவை விட்டு இறங்கவே இல்லை! பணத்துக்குப் பதிலாக அவர் திருப்பிக் கொடுத்தது ஒரு வாக்குறுதி. அந்த வாக்குறுதியைக் காப்பாற்ற அவருக்குத் தனியாகச் செலவு ஒன்றுமில்லை. அடுத்த ஆட்டம் எப்படியும் நடக்கத்தான் போகிறது. காலியாகக் கிடக்கிற பெஞ்சில் இன்னும் நாலு பேர் உட்காருவார்கள். உட்கார்ந்தவர்கள் வேர்க்கடலை வாங்குவார்கள், சோடா வாங்குவார்கள். வெளியூரிலிருந்து ரயில் ஏறி வந்தவன் மறுபடி வரப்போவதில்லை, அவன் காசு லாபம். சீட்டைத் தொலைத்தவன் காசும் லாபம். பேன்ட் பாக்கெட்டோடு துவைத்துவிட்ட மனைவிமார்கள் எத்தனை பேரோ, அத்தனையும் லாபம்!

ரசிகனும் இதை ஏற்றுக்கொண்டான். ஏன் என்றால், அடுத்த ஆட்டம் நடக்கும் என்று அவன் நம்பினான். மழைச் சீட்டு என்பது அந்த நம்பிக்கையின் மேல் எழுதப்பட்ட காகிதம். இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் தேவைப்படும்.

அடுத்த கேள்வி. எவ்வளவு நேரம் ஆடினால் 'ஆட்டம் நடந்தது' என்று கணக்கு? ஐந்து இன்னிங்ஸ் என்று கோடு போட்டார்கள். (உள்ளூர் அணி முன்னணியில் இருந்தால் நாலரையே போதும்.) அந்தக் கோட்டைத் தாண்டிய பிறகு மழை வந்தால், அதுவரை உள்ள ஸ்கோர்தான் முடிவு. மழைச் சீட்டு வெறும் காகிதம். அன்றைய விதிப்படி, தாண்டுவதற்கு முன்னால் வந்தால் ஆட்டம் செல்லாது, சீட்டு செல்லும்!

இந்தக் கோடு கிழித்த நாளிலிருந்து, மேகம் மூடிய ஐந்தாவது இன்னிங்ஸ் ஒரு தனி நாடகமாகவே ஆகிவிட்டது. தோற்றுக்கொண்டிருக்கிற அணி, ஷூ லேஸைக் கட்டும், அவிழ்க்கும், மறுபடி கட்டும். பந்து வீசுகிறவர் நடு மைதானத்தில் நின்று ஆற அமர ஆலோசனை நடத்துவார். எதிரே ஜெயித்துக்கொண்டிருக்கிற அணிக்காரர்களோ, சும்மாவேனும் மட்டையைச் சுழற்றி வேண்டுமென்றே அவுட் ஆவார்கள். சீக்கிரம் ஐந்து முடிந்தால் போதும்! ஒருவர் நேரத்தை இழுக்க, இன்னொருவர் தள்ள, நடுவில் அம்பயர் வானத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டு நிற்பார். 'ரொம்ப இழுத்தடித்தால் நீ தோற்றதாக அறிவித்துவிடுவேன்' என்று மிரட்டுகிற அதிகாரத்தையும் அவருக்குக் கொடுத்தார்கள்.

இன்னொரு நுணுக்கமும் உண்டு. ஆட்டத்தைத் தொடங்கலாமா வேண்டாமா என்பது பொதுவாக உள்ளூர் நிர்வாகத்தின் முடிவு. தொடங்கிவிட்டால் நிறுத்துகிற அதிகாரம் அம்பயருக்கு. அவரும் எடுத்தேன் கவிழ்த்தேன் என்று ஆட்டத்தை முடித்துவிட முடியாது. நிறுத்தி வைத்துக் குறைந்தது அரை மணி நேரமாவது பார்க்க வேண்டும் என்பது விதி. காரணம் புரிகிறதல்லவா? கல்லாவில் கை வைத்திருக்கிறவனிடமே 'ஐந்து இன்னிங்ஸ் முடிந்ததா' என்று கேட்டால் அவன் என்ன சொல்வான்!

* * *

மழை மட்டும்தான் எதிரியா? இருட்டும் உண்டு. பெரிய லீக்குகளில் ராத்திரி விளக்கு வெளிச்சத்தில் ஆட்டம் நடந்தது 1935இல்தான் முதல் முறை. அதற்கு முன்னால் சூரியன்தான் விளக்கு.

1922 அக்டோபர் 5. நியூயார்க், போலோ கிரவுண்ட்ஸ் மைதானம். உலகத் தொடரின் இரண்டாவது ஆட்டம். மோதுகிற ஜயன்ட்ஸ், யாங்கீஸ் இரண்டுமே அதே ஊர் அணிகள். கூட்டம் 37 ஆயிரத்தைத் தாண்டிவிட்டது. பத்து இன்னிங்ஸ் முடிந்து ஸ்கோர் 3-3. அடுத்த இன்னிங்ஸுக்காக எல்லோரும் நுனி சீட்டில் உட்கார்ந்திருக்கும்போது அம்பயர்கள், 'இருட்டிவிட்டது, ஆட்டம் முடிந்தது' என்று அறிவித்தார்கள்.

கூட்டம் வானத்தைப் பார்த்தது. வெளிச்சம் பளிச்சென்று இருக்கிறது!

ரசிகர்களுக்குப் பொறி தட்டியது. டிரா என்றால் கூடுதலாக இன்னொரு ஆட்டம். இன்னொரு ஆட்டம் என்றால் இன்னொரு கல்லா. 'எங்க காசைத் தின்னப் பார்க்கறீங்களா?' என்று ஆத்திரம். அன்றைக்கு பேஸ்பாலின் தலைமை ஆணையர் கெனிஸா மௌண்டன் லேண்டிஸ். முன்னாள் நீதிபதி. ஆட்டத்தை நிறுத்தியது அவர் இல்லை. ஆனாலும் மைதானத்தில் அவரைச் சூழ்ந்துகொண்டு திட்டித் தீர்த்துவிட்டார்கள்.

சட்டப்படி பார்த்தால் ரசிகனுக்கு ஒரு சென்ட் கூடக் கிடையாது. ஐந்து இன்னிங்ஸ் என்ன, பத்தே பார்த்தாச்சு. லேண்டிஸ் அந்த விதியைக் காட்டிவிட்டு வீட்டுக்குப் போயிருக்கலாம். அவர் என்ன செய்தார் தெரியுமா? அன்றைய வசூல் முழுவதையும், 1,20,000 டாலருக்கு மேல், தர்ம காரியங்களுக்குக் கொடுக்கச் சொல்லிவிட்டார்.

கவனியுங்கள், பணம் ரசிகர்களுக்குத் திரும்பவில்லை. ஆனால் முதலாளிகளிடமும் நிற்கவில்லை. மூன்று வருஷம் முன்னால்தான், 1919 உலகத் தொடரில், சூதாட்டக்காரர்களிடம் காசு வாங்கிக்கொண்டு தோற்றுக் கொடுத்ததாகச் சிகாகோ அணியின் எட்டுப் பேர் மாட்டி, 1921இல் ஆயுள் தடை வாங்கியிருந்தார்கள். தடை போட்டவரே இந்த லேண்டிஸ்தான். இன்னொரு தரம் 'இவங்க எல்லாருமே திருடங்க' என்று ஜனங்கள் நினைத்துவிட்டால், ஒரு நாள் வசூலைவிடப் பெரிய நஷ்டம் என்பது அந்த மனிதருக்குத் தெரிந்திருந்தது.

அதுசரி, 1919இல் டிக்கெட் வாங்கியவன் பார்த்தது பொய்யான ஆட்டம்தானே? அவன் ஏமாந்ததற்கு என்ன சீட்டு இருக்கிறது? இல்லை. டிக்கெட்டுக்கு ஆட்டம் கிடைக்கும். நல்ல ஆட்டமா, நேர்மையான ஆட்டமா என்பதற்கு உத்தரவாதம் கிடையாது.

டிக்கெட் என்பது சட்டத்தின் கண்ணில் ரொம்ப சோனியான வஸ்து. 1913இல் ஒரு வழக்கு அமெரிக்க உச்ச நீதிமன்றம் வரை போனது. வாஷிங்டன் அருகே குதிரைப் பந்தயத்துக்கு டிக்கெட் வாங்கிய ஒருவரை உள்ளே விடாமல் தடுத்துவிட்டார்கள். நீதிபதி ஹோம்ஸ் தீர்ப்புச் சொன்னார்: டிக்கெட் வாங்கியதால் அந்த இடத்தின் மீது உனக்குச் சொத்துரிமை மாதிரி எதுவும் வந்துவிடாது. ஒப்பந்தத்தை மீறினார்கள் என்று நஷ்டஈடு கேள், அவ்வளவுதான். நாம் பத்திரமாகப் பர்ஸில் வைத்துக்கொள்கிற டிக்கெட்டின் நிஜமான மதிப்பு அதுதான்!

'மோசமான ஆட்டம், காசைத் திருப்பிக் கொடு' என்று கேட்க முடியாது. ஆனால் முதலாளியே ரசிகர் பக்கம் சேர்ந்து கத்தினால்? அதுவும் நடந்திருக்கிறது. மெக்டொனால்ட்ஸ் பர்கர் சாம்ராஜ்யத்தை வளர்த்த ரே க்ராக், 1974இல் சான் டியகோ பேட்ரெஸ் அணியை வாங்கினார். ஏப்ரல் 9, சொந்த ஊரில் சீசனின் முதல் ஆட்டம். அணி சொதப்பு சொதப்பு என்று சொதப்பியது. பொறுக்க முடியாமல் க்ராக் அறிவிப்பாளரின் மைக்கைப் பிடுங்கி, இப்படியொரு முட்டாள்தனமான ஆட்டத்தைத் தன் வாழ்நாளில் பார்த்ததில்லை என்று மைதானம் முழுக்கக் கேட்கிற மாதிரி பொரிந்து தள்ளினார். பேச்சுக்கு நடுவில் நிர்வாணமாக ஒரு ஆசாமி மைதானத்துக்குள் ஓடியது தனிக் கதை! ஆட்டக்காரர்கள் கொதித்துப் போனார்கள், க்ராக் மன்னிப்புக் கேட்டார். ரசிகர்களோ அவரைக் கொண்டாடினார்கள். பணம் வரவில்லைதான். ஆனால் 'உன் காசு வீணாச்சுன்னு எனக்கும் தெரியுதுப்பா' என்று ஒரு முதலாளி சொன்னாரே, அதுவே அவர்களுக்குப் பெரிய ஆறுதல்.

மழைத் தொல்லையே வேண்டாம் என்று, மைதானத்துக்கே கூரை போட்டவர்களும் உண்டு. ஹூஸ்டன் நகரத்து ஆஸ்ட்ரோடோம், 1965இல் திறக்கப்பட்டது. இனி மழையாவது, சீட்டாவது! 1976 ஜூன் 15 வரைக்கும் அப்படித்தான் நினைத்தார்கள். அன்றைக்கு ஊரே வெள்ளக்காடு. ஆட்டக்காரர்கள் முன்னாடியே வந்து சேர்ந்துவிட்டார்கள். உள்ளே ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை. ஆனால் அம்பயர்களால் வர முடியவில்லை, ரசிகர்களாலும் வர முடியவில்லை. மைதானத்திலேயே மேஜை போட்டு ஆட்டக்காரர்கள் சாப்பிட்டார்கள். கூரை போட்ட மைதானத்தில், மழையால் ஆட்டம் ரத்து!

இதற்குள் மழைச் சீட்டு மைதானத்தை விட்டு வெளியேறிக் கடைத்தெருவுக்கும் வந்துவிட்டிருந்தது. 'கோழிக்கறி பாதி விலை' என்று விளம்பரம் பார்த்து ஓடிப்போனால், சரக்குத் தீர்ந்திருக்கும். கடைக்காரர் ஒரு ரெயின் செக் எழுதித் தருவார். அடுத்த வாரம் வந்தாலும் அதே பாதி விலை. விளம்பரம் செய்த சரக்குக் கைவசம் இல்லாத மளிகைக் கடை இப்படிச் சீட்டுக் கொடுக்கலாம் என்று 1989இல் அமெரிக்க மத்திய வர்த்தக ஆணையமே விதியில் சேர்த்தது. காசுக்கு ஈடாக வாக்கைக் கொடுப்பது என்கிற பழக்கம் அவ்வளவு தூரம் ஊறிவிட்டது.

ஆனால் எல்லா தேசத்திலும் அப்படியில்லை. அமெரிக்காவுக்கு அடுத்தபடி பேஸ்பால் பைத்தியம் முற்றிய நாடு ஜப்பான். அதே ஆட்டம், அதே ஐந்து இன்னிங்ஸ் கோடு. ஆனால் ஆட்டம் மழையில் ரத்தானால் அங்கே 'நாளைக்கு வா' கிடையாது. டிக்கெட் விலையைத் திருப்பித் தந்துவிடுவதுதான் வழக்கம். ரசிகனுக்கு நாளைக்கு நேரமிருக்கிறதோ என்னவோ, அவன் காசு அவன் கையில். அப்படிச் செய்ததால் அங்கே பேஸ்பால் அழிந்துவிடவில்லை. ஆக, 'வேற வழியில்லாமதான் சீட்டு கொடுக்கறோம்' என்பது முழு உண்மையில்லை. அது ஒரு தேர்வு.

* * *

'அடுத்த ஆட்டம்' என்கிற ஒன்று இருக்கிற வரைக்கும்தான் மழைச் சீட்டுக்கு உயிர். அடுத்த ஆட்டமே இல்லை என்றால்?

1994இல் அது நடந்தது. சம்பள உச்சவரம்பு விவகாரத்தில் முதலாளிகளுக்கும் ஆட்டக்காரர்களுக்கும் முட்டிக்கொண்டது. ஆகஸ்ட் 12ஆம் தேதி வேலைநிறுத்தம். செப்டம்பர் 14ஆம் தேதி மிச்ச சீசனையும் உலகத் தொடரையும் சேர்த்து ரத்து செய்தார்கள். இரண்டு உலகப் போர்களின்போதுகூட நிற்காத உலகத் தொடர், சம்பளச் சண்டையில் நின்றது!

நடக்காத ஆட்டங்களுக்குப் பணம் திரும்பியது, அல்லது அடுத்த வருஷக் கணக்கில் வைக்கப்பட்டது. ஆனால் மான்ட்ரியல் ரசிகனை நினைத்துப் பாருங்கள். கனடாவின் அந்த ஊர் அணியான எக்ஸ்போஸ், வாழ்நாளிலேயே உச்சத்தில் இருந்த வருஷம் அது. 74 வெற்றி, 40 தோல்வி. மொத்த லீக்குகளிலும் முதலிடம். இதோ உலகத் தொடர் என்று இருந்தபோது கதவு சாத்தப்பட்டது. அடுத்த வருஷம் பணமில்லை என்று நட்சத்திர ஆட்டக்காரர்களை நிர்வாகம் கைவிட்டது. அணி அதற்குப் பிறகு எழுந்திருக்கவேயில்லை. 2005இல் மூட்டை கட்டிக்கொண்டு வாஷிங்டனுக்கே போய்விட்டது. மான்ட்ரியல்காரருக்கு டிக்கெட் காசு திரும்பியிருக்கும். அந்தக் கோடையை யார் திருப்பித் தருவது?

232 நாள் கழித்து வேலைநிறுத்தம் முடிந்து, 1995 ஏப்ரலில் ஆட்டம் தொடங்கியபோது ரசிகர்கள் தங்கள் பங்குக்குக் கணக்குத் தீர்த்தார்கள். நியூயார்க் ஷே மைதானத்தில் மூன்று இளைஞர்கள் 'பேராசை' என்று எழுதிய பனியனைப் போட்டுக்கொண்டு உள்ளே குதித்து, ஆட்டக்காரர்களின் காலடியில் ஒரு டாலர் நோட்டுகளை அள்ளி வீசினார்கள். 'இதுதானே வேணும்? எடுத்துக்கோ!' பல ஊர்களில் இருக்கைகள் காற்று வாங்கின. ஓர் ஆட்டத்துக்கு 31 ஆயிரம் பேருக்கு மேல் வந்த இடத்தில் சராசரி 25 ஆயிரமாக இறங்கியது. ரசிகன், தன் நம்பிக்கையை ரீஃபண்ட் வாங்கிக்கொண்டு போய்விட்டான்!

வாக்கைக் காப்பாற்றிய நாள்களும் உண்டு, அதையும் சொல்ல வேண்டும். 2008 அக்டோபர் 27, பிலடெல்பியாவில் உலகத் தொடரின் ஐந்தாவது ஆட்டம். ஆறாவது இன்னிங்ஸ் பாதியில், ஸ்கோர் 2-2 என்றிருக்கும்போது அடைமழை. ஐந்து இன்னிங்ஸ் தாண்டிவிட்டது. ஆனாலும் விட்ட இடத்திலிருந்தே தொடர்வதென்று ஆட்டத்தை நிறுத்தி வைத்தார்கள். 46 மணி நேரம் கழித்து, 29ஆம் தேதி அதே பாதி இன்னிங்ஸிலிருந்து ஆட்டம் தொடர்ந்தது. திங்கட்கிழமை நனைந்துபோன டிக்கெட் துண்டைக் காட்டி புதன்கிழமை உள்ளே போன ரசிகர்கள், தங்கள் ஊர் அணி 28 வருஷத்துக்குப் பிறகு கோப்பை வாங்குவதைக் கண்ணாரப் பார்த்தார்கள். அரை டிக்கெட் தன் கடமையைச் செய்தது.

பிறகு வந்தது 2020.

மார்ச் 12ஆம் தேதி, கொரோனா காரணமாக பேஸ்பால் நிறுத்தப்பட்டது. சீசன் டிக்கெட்டுக்கு ஆயிரக்கணக்கில் டாலர் கட்டியிருந்தவர்களில் பலருக்கு வேலை போயிருந்தது. வீட்டு வாடகைக்கே தாளம். 'பணத்தைக் கொடுங்க' என்று கேட்டார்கள். வந்த பதில் என்ன தெரியுமா? 'ஆட்டங்கள் ரத்தாகவில்லை, தள்ளிவைக்கப்பட்டிருக்கின்றன!'

ரத்து என்றால் பணம் கொடுக்க வேண்டும். தள்ளிவைப்பு என்றால் வேண்டாம். ஏப்ரலில் நடக்க வேண்டிய ஆட்டம் ஏப்ரல் முடிந்தும் நடக்கவில்லை, ஆனாலும் ரத்தில்லை! ஒரே ஒரு வார்த்தை, கோடிக்கணக்கான டாலரைக் கல்லாவிலேயே உட்கார வைத்தது. ஏப்ரல் 20ஆம் தேதி, லீக் மீதும் 30 அணிகள் மீதும் டிக்கெட் விற்ற நிறுவனங்கள் மீதும் கலிபோர்னியாவில் ரசிகர்கள் வழக்குப் போட்டார்கள். அடுத்த சில நாளில், பணமோ கிரெடிட்டோ அந்தந்த அணியே முடிவு செய்துகொள்ளலாம் என்று லீக் இறங்கி வந்தது. பல அணிகள் பணத்தைத் திருப்பின. கடைசியில் ஜூலையில் தொடங்கிய சீசனில் 162க்குப் பதில் 60 ஆட்டங்கள்தான். உலகத் தொடருக்கு முந்தைய வழக்கமான ஆட்டங்களில், கேலரியில் ஒரு ரசிகர் கிடையாது.

இதில் ஒரு வேடிக்கை. டிக்கெட்டுகளை மறுவிற்பனை செய்கிற பெரிய நிறுவனம் ஒன்றின் பெயர் ஸ்டப்ஹப். 'ஸ்டப்' என்றால் கிழித்த பிறகு நம் கையில் மிஞ்சுகிற அந்தப் பாதி டிக்கெட். அந்தப் பெயரைத் தாங்கிய நிறுவனம், 'நிகழ்ச்சி ரத்தானால் முழுப் பணமும் வாபஸ்' என்று கொடுத்திருந்த உத்தரவாதத்தை அந்த மார்ச்சில் மாற்றி, பணத்துக்குப் பதிலாக 120 சதவிகிதத்துக்கு கிரெடிட் தருகிறேன் என்றது. ஜனங்கள் விடவில்லை. பத்து மாநிலங்களின் அரசு வழக்கறிஞர்களும் தலைநகர் வாஷிங்டனும் சேர்ந்து பிடித்த பிடியில், 2021இல் பணமாகவே திருப்பித் தர ஒப்புக்கொண்டது.

120 சதவிகிதம் என்றால் லாபம்தானே, ஏன் வேண்டாம் என்றார்கள்? நியூ ஆர்லியன்ஸ் ரசிகனுக்கு அடுத்த ஆட்டம் எப்போது என்று தெரியும். அதனால் வாக்குறுதியே போதுமானதாக இருந்தது. 2020 ரசிகனுக்கு அடுத்த ஆட்டம் எப்போது, அதுவரை தன் கையில் வேலை இருக்குமா என்று எதுவும் தெரியாது. எப்போது என்று தேதி போடாத வாக்குறுதி, எவ்வளவு சதவிகிதமாக இருந்தால் என்ன?

இன்று காகித டிக்கெட்டே அரிதாகி வருகிறது. எல்லாம் செல்போனில் ஒரு கறுப்புக் கட்டம். கிழிக்கப் பாதியும் இல்லை, பர்ஸில் வைக்கத் துண்டும் இல்லை. விதிமுறைகள் மட்டும் எங்கேயோ கீழே, பொடி எழுத்தில், 'நான் ஒப்புக்கொள்கிறேன்' என்று நாம் கண்ணை மூடிக்கொண்டு அமுக்குகிற இடத்தில் இருக்கின்றன. அடுத்த தடவை எதற்காவது டிக்கெட் வாங்கும்போது ஒரு நிமிஷம் செலவழித்து அதைப் படியுங்கள். ஆட்டமோ, கச்சேரியோ, எதுவாகவும் இருக்கட்டும். 'ரத்து' என்று போட்டிருக்கிறதா, 'தள்ளிவைப்பு' என்று போட்டிருக்கிறதா என்று மட்டும் பார்த்துவிடுங்கள். மழை வந்த பிறகு பார்த்தால், எழுத்தெல்லாம் ஈரமாகியிருக்கும்!